பலகை உரிமையும் கடைப்பெயரும்

டோக்கியோ மீன் சந்தையின் பரம்பரைத் தொழிலைத் தந்தை மகன் கதையாகச் சொல்வது வழக்கமெனினும், அங்கே தலைமுறைதோறும் கைமாறியவற்றுள் முதன்மையானவை இடத்தின் மீதான உரிமையும் கடைப்பெயருமே ஆகும். 1590இல் போர்த்தலைவர் தொகுகாவா இயெயாசு எதோ நகரில், அதாவது இன்றைய டோக்கியோவில், குடியேறிய பின்னர், ஒசாகாவை அடுத்த சுக்குதா ஊர் மீனவர்கள் அங்கு வந்து, அவரது கோட்டைக்கு மீன் அளந்து, மிஞ்சியதை நிஹோன்பாஷி பாலத்தருகே விற்கத் தொடங்கினர் என்பது சந்தையின் மரபு வரலாறு.

அங்கே கடை என்று பெரிதாக எதுவும் இல்லை. தெருவோரத்தில் மீனைப் பரப்பி நீர் தெளித்து வைக்கும் ‘இதாபுனே’ என்ற மரப்பலகையே கடை. அதைப் போடும் உரிமை நாளடைவில் விற்கவும் வாடகைக்கு விடவும் வாரிசுக்கு எழுதி வைக்கவும் தக்க சொத்தாக வளர்ந்தது. 1923 செப்டம்பர் 1ஆம் நாள் நிலநடுக்கத்திலும் தீயிலும் சந்தை அழிந்து, சுகிஜிக்கு இடம் பெயர்ந்தபோது, பலகைகள் போயினவே தவிர உரிமைக் கோரிக்கை போகவில்லை: அதற்கு இழப்பீடு பெறுவதற்காக நகரமன்ற உறுப்பினர்களுக்குக் கையூட்டு கொடுக்கப்பட்டது 1928இல் அம்பலமாயிற்று.

1935இல் சுகிஜியில் நிலையான சந்தை திறக்கப்பட்ட பின், பலகையின் இடத்தை உரிமம் பிடித்துக்கொண்டது. ஏலத்தில் மீன் எடுத்து உணவகங்களுக்கும் சில்லறைக் கடைகளுக்கும் பிரித்து விற்கும் இடைநிலை வணிகரான ‘நகாஓரோஷி’களுக்கு வரையறுத்த எண்ணிக்கையிலேயே உரிமம் வழங்கப்பட்டமையால், குடும்பத்திடம் இருந்த உரிமத்தைக் கைவிடாமல் காப்பதே வாரிசின் முதற்கடமை ஆயிற்று. நல்ல மூலை ஒருவருக்கே நிலைத்துவிடாதபடி சில ஆண்டுகளுக்கொரு முறை குலுக்கலில் கடையிடங்களை மாற்றியமைத்த ஏற்பாடு, பரம்பரை உரிமைக்கு அச்சந்தையே இட்டுக்கொண்ட கடிவாளம் எனலாம்.

மகன் இல்லாத வீட்டில் மருமகனைத் தத்தெடுத்துக் குடும்பப்பெயர் சூட்டுவதும், நெடுங்காலம் உழைத்த பணியாளுக்குக் கடைப்பெயரைப் பகிர்ந்து தனிக்கடை வைத்துக் கொடுப்பதும் ஜப்பானிய வணிகக் குடும்பங்களில் பழைய வழக்கங்கள். ஆனால் தொழிலறிவைப் பெயரோடு சேர்த்துக் கொடுத்துவிட முடியாது. சூரை மீனின் வால் வெட்டுமுகத்தில் விளக்கொளி பாய்ச்சி நிறம் பார்த்து, சதைத் துணுக்கொன்றை விரலிடையே தேய்த்துக் கொழுப்பை மதிப்பிடும் பயிற்சி, பிறப்பால் வந்தவருக்கும் தத்தால் வந்தவருக்கும் ஒரே அளவு காலத்தையே கேட்டது.

2018 அக்டோபர் 11 அன்று சுகிஜிக்கு மாற்றாகத் தொயோசுவில் புதிய சந்தை திறக்கப்பட்டபோது, வாரிசு இல்லாத சிறு வணிகர் சிலர் இடமாற்றச் செலவை ஏற்க முன்வராமல் சுகிஜியிலேயே கடையை மூடினர்.