இகே: ஒரு சொல்லும் ஒரு துணியும்

வகுப்பில் மரவுரி தரித்து வனம் போன கதையைப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். பின்வாங்கில் இருந்த ஒரு மாணவி எழும்பி, "டீச்சர், மரத்தின்ட தோல உடுத்தா மேல் கடிக்காதா?" என்று கேட்டாள். வகுப்பே சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்தது, பதில்தான் வரவில்லை. மரவுரி என்றால் மரப்பட்டையால் ஆன உடை என்று அகராதி சொல்வதையே இத்தனை வருசமும் சொல்லி வந்திருக்கிறேன். பட்டை எப்படித் துணியாகும், யாருடைய கை அதைச் செய்தது என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

தேடப் போனேன். நம் நாட்டு வேடர்கள் ரிட்டி மரப்பட்டையை அடித்து மெதுவாக்கிப் பயன்படுத்தியதைப் பற்றிக் கொஞ்சம் கிடைத்தது. ஆனால் இந்த வேலையை ஒரு பெருங்கலையாகவே வளர்த்தவர்கள் பசிபிக் சமுத்திரத்துப் பொலினீசியர்கள். டொங்காவிலோ சமோவாவிலோ ஹவாயிலோ தறி இருக்கவில்லை. நூல் நூற்கவில்லை, நெய்யவுமில்லை. பட்டையை அடித்து அடித்தே துணியாக்கினார்கள். வெளியுலகம் அதற்கு வைத்த பொதுப்பெயர் தாப்பா. டொங்காவில் அதன் பெயர் 'ஙத்து'. தமிழில் 'ங' சொல்லுக்கு முதலில் வராது என்று தொல்காப்பியத்தை வைத்துச் சொல்லிக்கொடுக்கும் எனக்கு, அந்த எழுத்தில் தொடங்கும் ஒரு சொல்லைப் பார்த்தது தனிச் சந்தோசம். சமோவாவில் சியாப்போ, பிஜியில் மசி, ஹவாயில் காப்பா. மற்றத் தீவுகளில் 'த' வருகிற இடத்தில் ஹவாய் மொழியில் 'க' வரும்; தாப்பாதான் அங்கே காப்பா.

மரம் கடதாசி மல்பெரி. பலா, ஈரப்பலா, அத்தி எல்லாம் இதன் குடும்பம்தான். இந்த மரம் பசிபிக் தீவுகளில் தானாக முளைத்ததல்ல. 2015 இல் வெளியான மரபணு ஆய்வொன்று, பசிபிக் தீவுகளில் நிற்கும் கடதாசி மல்பெரியின் மூலம் தாய்வானின் தென்பகுதி என்று காட்டியது. பின்வந்த ஆய்வில் இன்னொன்று தெரிந்தது: பழைய காலத்தில் தீவுகளுக்குப் போன மரங்கள் பெரும்பாலும் பெண் மரங்கள். ஆண் மரம் இல்லாத இடத்தில் விதை இல்லை. விதை இல்லாத மரத்தைக் காற்றோ பறவையோ கொண்டுபோய்ச் சேர்க்காது. யாரோ வேரில் வெடித்த கன்றைப் பிடுங்கி, ஈரம் காயாமல் பொத்தி, வள்ளத்தில் வைத்து, உப்புத் தண்ணீர் படாமல் காப்பாற்றி, அடுத்த தீவில் நட்டிருக்கிறார்கள். அங்கிருந்து அதற்கடுத்த தீவு. டொங்காவில் மனிதர் குடியேறி ஏறக்குறைய 2,800 வருசம். வள்ளத்தில் சாமானுக்கு எவ்வளவு இடம் இருந்திருக்கும்? அந்த இடத்தில் சாப்பாட்டுக் கிழங்கோடு துணிக்கான கன்றையும் ஏற்றியிருக்கிறார்கள்.

மரத்தோடு ஒரு சொல்லும் பயணித்தது. பட்டையை அடிக்கும் கட்டைக்கு டொங்காவில் 'இகே' என்று பெயர். நியூசிலாந்தின் மாவோரி மொழியிலும் இகேதான். சமோவாவிலும் ஹவாயிலும் நடுவிலுள்ள ககரம் தேய்ந்து தொண்டைக்குள் ஒரு சிறு நிறுத்தமாகி 'இஎ' என்று ஒலிக்கும். நம் பேச்சில் வாழைப்பழம் 'வாளப்பளம்' ஆவதைப் போல. மேற்கே ஆயிரக்கணக்கான மைல் தள்ளி, இந்தோனேசியாவின் சுலாவெசித் தீவில், மரப்பட்டை அடிக்கும் கல்லுக்கு என்ன பெயர் தெரியுமா? 'பத்து இகே'. பத்து என்றால் கல். எழுத்தில்லாத சனங்கள், கடலுக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும், ஒரே சொல்லைக் கையில் பிடித்துக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

இந்தோனேசியா என்றதும் ஒன்றைச் சொல்லாமல் விட மனமில்லை. ஜாவாவிலும் மதுராவிலும் இதே கடதாசி மல்பெரிப் பட்டையை வரி வெட்டிய உலோகக் கட்டையால் அடித்து, வழுவழுப்பாகத் தேய்த்து, 'தலுவாங்' என்ற எழுதுதாளாக்கினார்கள். அங்கத்தைய மத்ரஸாக்களில் கிதாபுகள் அதில் எழுதப்பட்டன. குர்ஆன் பிரதிகளும் எழுதப்பட்டன. பொனரோகோவில் உள்ள தெகல்சாரி அந்தத் தாளுக்குப் பேர்போன ஊர். பொலினீசியப் பெண் உடுத்த அதே பட்டையில் ஜாவாவின் ஆலிம் கலிமாவை எழுதினார். இயந்திரக் கடதாசி வந்ததோடு அந்தத் தொழில் படுத்துவிட்டது.

டொங்காவுக்குத் திரும்புவோம், அங்கே வேலை இன்றும் உயிரோடு நடக்கிறது. ஒன்று, ஒன்றரை வருசம் வளர்ந்த மெல்லிய தண்டை வெட்டுவார்கள். கிளை விட்டால் பட்டையில் ஓட்டை விழும் என்பதால் பக்கக் கொழுந்துகளை அவ்வப்போது கிள்ளி விடுவார்கள். பட்டையை ஒரே இழுவையில் உரித்து, வெளித்தோலைச் சுரண்டி நீக்கி, உள்ளே இருக்கும் வெள்ளை நாரை வெயிலில் காயவைத்துச் சுருட்டி வைப்பார்கள். அடிக்கிற நாளில் தண்ணீரில் ஊறவைத்து, நீண்ட மரக்குற்றியின் மேல் போட்டு அடிப்பது. இகே நான்கு முகம் கொண்டது. வரி வெட்டிய முகங்களால் முதலில் அடிக்க நார் அகலத்தில் விரியும். வழுவழுப்பான முகத்தால் கடைசியில் அடிக்க மட்டமாகும். நாலு விரல் அகலப் பட்டை மூன்று நான்கு மடங்காக விரிந்து, வெளிச்சத்துக்குப் பிடித்தால் மறுபக்கம் தெரிகிற அளவுக்கு மெல்லிசாகும். மேல் கடிக்காது, மகளே. நன்றாக அடித்த துணி மெதுவானது. மழையில் நனைந்தால்தான் பிரச்சினை, நார் விட்டுக்கொடுத்துவிடும்.

அடிப்பது ஒருத்தியின் வேலை. பெரிய துணியாக்குவது ஊர்ப் பெண்களின் வேலை. நீண்ட, வளைந்த மேசையின் இரண்டு பக்கமும் பெண்கள் வரிசையாக இருப்பார்கள். ஈர்க்கும் நாரும் வைத்துத் தைத்த 'குபேசி' என்ற அச்சுகள் மேசையில் கட்டியிருக்கும். அதன் மேல் துணியை இரண்டு படையாக, ஒன்றுக்கொன்று குறுக்காகப் போட்டு, கிழங்குப் பசையால் ஒட்டி, 'கொக்கா' மரப்பட்டைச் சாயத்தைப் பொட்டணியால் தேய்க்க, அடியில் உள்ள உரு மேலே எழும்பும். ஒரு முழம் முடிந்ததும் துணியை இழுத்துவிட்டு அடுத்தது. இப்படி 20 மீற்றருக்கு மேலும் போகும். ஓரத்தில் பகுதிக்குப் பகுதி இலக்கம் போட்டுக்கொண்டே போவதால், மடித்து வைத்திருக்கும்போதே எவ்வளவு நீளம் என்று சொல்லிவிடலாம்.

இவ்வளவு பெரிய துணியை யார் உடுப்பது? யாரும் உடுப்பதில்லை. இதை விளங்கிக்கொள்ள எனக்குக் கொஞ்ச நாள் எடுத்தது. டொங்காவில் ஆண்கள் விளைவிக்கும் கிழங்கும் வளர்க்கும் பன்றியும் ஒரு வகைச் செல்வம். பெண்கள் செய்யும் பாயும் ஙத்துவும் இன்னொரு வகை; அதற்குக் 'கொலோவா' என்று பெயர். மதிப்பில் உயர்ந்தது கொலோவாதான். பிள்ளை பிறந்தால், கலியாணம் நடந்தால், மௌத்து விழுந்தால் ஙத்து கொடுக்க வேண்டும், வாங்க வேண்டும். எவ்வளவு கொடுத்தோம், யார் கொண்டு வந்தார்கள் என்ற கணக்கு உறவின் கணக்கு. நம் ஊர்களில் பெண்கள் சீர்ச் சாமான்களுக்கு மனக்கொப்பியில் வைத்திருக்கும் கணக்கை அறிந்தவர்களுக்கு இது புதினமில்லை.

1953 டிசெம்பரில் இரண்டாம் எலிசபெத் மகாராணி டொங்கா வந்தார். அதே சுற்றுப்பயணத்தில்தான் 1954 ஏப்ரலில் இலங்கைக்கும் வந்தார். டொங்காவின் ராணி சாலோத்தே அவரை வரவேற்றபோது, அதற்கென்று 22 மீற்றருக்கு மேல் நீளமான ஓர் ஙத்து செய்யப்பட்டது. 1965 டிசெம்பரில் ராணி சாலோத்தே ஒக்லாந்தில் காலமானார். அவரது உடல் நாட்டுக்குக் கொண்டுவரப்பட்டபோது பெட்டிக்கடியில் விரித்திருந்தது அதே ஙத்து. விருந்தாளிக்கு விரித்த துணி ஜனாஸாவுக்கும் விரிந்தது. இன்று அது வெலிங்டனில் உள்ள தே பாப்பா அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

பஞ்சுத்துணி கப்பலில் வந்து இறங்கியபோது டொங்காவிலும் பெண்கள் மரப்பட்டையை உடுப்பதை விட்டார்கள். ஆனால் செய்வதை விடவில்லை. உடுப்புக்குப் பதில் சீத்தை போதும். மௌத்து வீட்டுக்குச் சீத்தையைக் கொண்டுபோக முடியாது. கடமை இருந்ததால் தொழில் இருந்தது என்பது என் முடிவு. ஒக்லாந்தில் குடியேறிய டொங்காப் பெண்கள் இன்று மரப்பட்டை போதாமல், தையற்கடையில் விற்கும் வைலின் துணியை ஒரு படையாக வைத்து 'ஙத்து பெப்பா' செய்கிறார்கள். அது அசல் இல்லை என்று குறை சொல்பவர்களும் உண்டு. எனக்கு அந்தப் பெண்களின் பக்கம்தான் சரியாகப் படுகிறது. கொடுக்க வேண்டிய நாள் வந்துவிட்டால் மரம் வளரும்வரை காத்திருக்க முடியுமா?

நியூசிலாந்தில் கதை வேறு. மாவோரிகள் கன்றைக் கொண்டுபோனார்கள், குளிர் விடவில்லை. 1769 இல் குக் கப்டனோடு போன ஜோசப் பேங்க்ஸ் அங்கே ஒருசில மரங்களையே கண்டார். துணி, காதில் செருகும் சிறு துண்டாகச் சுருங்கியிருந்தது. அவர்கள் வேறு செடியின் நாரைப் பின்னக் கற்றுக்கொண்டார்கள். இகே என்ற சொல் மட்டும் மொழியில் தங்கிவிட்டது.

ஹவாயில் குளிர் இல்லை. அங்கேதான் இந்தக் கலை மிக நுட்பமாக இருந்தது. நாரை ஊறப்போட்டுப் புளிக்கவைத்து இரண்டாம் முறை அடித்து, கட்டையிலேயே உரு வெட்டி, நீர்க்குறிபோல் துணிக்குள் கோலம் தெரியச் செய்தார்கள். மூங்கில் அச்சால் மேலே பதித்தார்கள். வீரன் மாவுய், தன் தாய் ஹீனாவின் காப்பா காய்வதற்கு நேரம் போதவில்லை என்று ஹலெயாகலா மலையில் ஏறிச் சூரியனைப் பிடித்துக் கட்டி மெதுவாக நடக்கவைத்தான் என்பது அவர்கள் கதை. துணி காயப்போட்ட எந்தப் பெண்ணுக்கும் இந்தக் கதை விளங்கும். சந்தன மர வியாபாரத்தோடு பிறநாட்டுத் துணி வந்தது. 1820 இல் மிசனரிமார் வந்தார்கள். பழைய சடங்குகள் போயின. நூற்றாண்டு முடிவதற்குள் காப்பா அடிக்கத் தெரிந்த கைகள் இல்லாமல் போயின. மிஞ்சியது அருங்காட்சியக அலுமாரிகளில் இருந்தவை. குக் கொண்டுவந்த துணிகளைத் துண்டு துண்டாக வெட்டி, 1787 இல் அலெக்சாண்டர் ஷோ என்பவர் இலண்டனில் மாதிரிப் புத்தகமாக ஒட்டி விற்றதைப் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. ஆனால் வெட்டுப்பட்டும் பெட்டியில் கிடந்தும் மிஞ்சியவைதான் பிறகு உதவின. 1970களுக்குப் பின் புவானானி வான் டோர்ப் போன்ற பெண்கள் அப்படி மிஞ்சிய பழைய துணிகளைக் கண்ணாடி வைத்துப் பார்த்து, எத்தனை நாள் ஊறப்போட்டிருப்பார்கள், எந்தச் சாயம் என்று தாங்களே செய்து செய்து பார்த்துக் கற்றார்கள். சொல்லிக்கொடுக்க ஒரு மூத்தம்மாவும் இருக்கவில்லை.

அப்போது மாவுய் தீவின் ஹோனோகாஹுவாவில் கடற்கரையோரம் ஹோட்டல் கட்டத் தோண்டினார்கள். மணலுக்குள் பழைய மையவாடி. ஆயிரம் அளவில் எலும்புக்கூடுகள் வெளியே எடுக்கப்பட்டன. ஹவாய் மக்கள் வீதிக்கு வந்தார்கள். 1988 இறுதியில் தோண்டுவது நிறுத்தப்பட்டு, ஹோட்டல் உள்நிலத்துக்குத் தள்ளிப் போனது. எடுத்தவர்களைத் திரும்ப அடக்க வேண்டும். எதில் சுற்றி? கடைத் துணியில் சுற்ற அவர்களுக்கு மனம் வரவில்லை. 2020 டிசெம்பரில் பொறளைக் கனத்தை மயான வேலியில் கபன் துணி கட்டிய நாட்டில் இருந்து வாசிப்பவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

வான் டோர்ப்பும் அவரிடம் கற்ற பெண்களும் பட்டை அடித்தார்கள். ஒரு நூற்றாண்டாகச் சத்தம் நின்றிருந்த தீவில் அந்தக் கட்டைச் சத்தம் கேட்டது. தாங்கள் பெயர்கூட அறியாத ஒவ்வொரு மூதாதையருக்கும் காப்பா செய்தார்கள். 1990 இல் எலும்புகளை அதில் சுற்றி, எடுத்த இடத்திலேயே அடக்கினார்கள். அவ்வருடமே ஹவாயில் பழைய மையவாடிகளைப் பாதுகாக்கும் சட்டமும், தீவுக்குத் தீவு அதற்கான சபைகளும் வந்தன.

அந்தக் காப்பாக்களை இனி எந்த அருங்காட்சியகத்திலும் பார்க்க முடியாது. அவை மணலுக்குள் இருக்கின்றன.