பத்துக்கு எத்தனை?

தென்காசியில் என் அத்தைக்கு முழங்கால் ஆபரேஷன் முடிந்த மறுநாள் காலை. கட்டிலருகே வந்த நர்ஸ் கேட்டார்: "ஆச்சி, வலி பத்துக்கு எத்தனை இருக்கும்?"

"உள்ளுக்குள்ள போட்டுக் குடையுது தாயி. விடிய விடிய கடுப்பு. கால மடக்கினா சுள்ளுன்னு இழுக்கு."

"பூஜ்யம்னா வலியே இல்ல ஆச்சி. பத்துன்னா தாங்கவே முடியாது. எத்தனை போடட்டும்?"

அத்தை என் முகத்தைப் பார்த்தாள். கடைசியில் சார்ட்டில் 6 என்று விழுந்தது. நாடித்துடிப்பு, ரத்த அழுத்தம், காய்ச்சல், அதற்கடுத்து இந்த எண். மற்றவற்றைக் கருவி சொன்னது. இதை நாங்கள் மூவரும் பேசி முடிவு செய்தோம்.

அந்த எண் கிளம்பியது நோயாளியின் வாய்ச்சொல்லை நம்பாத இடத்திலிருந்து. 1940-இல் நியூயார்க்கில் ஜேம்ஸ் ஹார்டி, ஹெரால்ட் உல்ஃப், ஹெலன் குடல் மூவரும் நெற்றியைக் கறுப்பாக்கி, அதில் விளக்கின் வெப்பத்தைப் பாய்ச்சி, வலி எங்கே தொடங்குகிறது என்று அளந்தார்கள். பிறகு வலிக்கு 'டால்' என்று ஓர் அலகே வைத்தார்கள். உச்சம் பத்தரை டால். பிரசவத்தில் துடிக்கும் பெண்களின் கையில், ஒரு வலிக்கும் அடுத்த வலிக்கும் நடுவே சூடு வைத்து, எது எதற்குச் சமம் என்று கேட்கும் வரைக்கும் போனது அந்த ஆராய்ச்சி. இன்று படித்தாலும் மனம் கூசுகிறது.

அந்தக் கருவி நிலைக்கவில்லை. இரண்டாம் உலகப் போரில் இத்தாலியில் படுகாயமுற்ற வீரர்களிடம் பேசிய மருத்துவர் ஹென்றி பீச்சர், அவர்களில் ஏறக்குறைய முக்கால்வாசிப் பேர் வலிமருந்து வேண்டாம் என்றதை 1946-இல் எழுதினார். காயத்தைப் பார்த்து வலியைச் சொல்லிவிட முடியாது என்றால், பட்டவரைத்தான் கேட்க வேண்டும். 1974-இல் ஹஸ்கிசன் 'லான்செட்' இதழில் எழுதிய அளவுகோல் வெறும் 10 சென்டிமீட்டர் கோடு. ஒரு முனையில் வலியில்லை, மறுமுனையில் தாங்கமுடியாத வலி. குறி போடுவது நோயாளியின் கை. கோட்டோடு எண்ணும் வந்தது. குழந்தைகளுக்காக டானா வாங், கானி பேக்கர் இருவரும் 1980-களில் ஆறு முகங்களை உருவாக்கினார்கள்.

ஆனால் 1975-இல் கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் ரொனால்ட் மெல்சாக் வேறொரு வழி போயிருந்தார். வலியைச் சொல்லும் 78 சொற்களைத் திரட்டி, 20 தொகுதிகளாகப் பிரித்து வினாத்தாள் ஆக்கினார். அவர் எங்கள் பக்கம் வந்திருந்தால் மாதக்கணக்கில் தங்கியிருப்பார் என்று நினைத்துக்கொள்வேன். கடுப்பு வேறு, குடைச்சல் வேறு. குத்தல், பிடிப்பு, இசிவு, உளைச்சல், காந்தல், எரிச்சல், மதமதப்பு. பல்வலிக்கு 'விண்விண்', கட்டிக்கு 'சுள்சுள்'. இது பேச்சழகு மட்டுமில்லை. எரிச்சலும் மதமதப்பும் ஷாக் அடித்தாற்போன்ற வெட்டும் நரம்பு வலியின் அடையாளங்கள். அதற்குச் சாதாரண வலிமாத்திரை பெரும்பாலும் கேட்காது. அமிட்ரிப்டிலின், பிரிகாபலின் போன்ற வேறு மருந்துகள் வேண்டும். '6' என்று மட்டும் எழுதினால் இந்தத் தகவல் சார்ட்டுக்கு வராமலே போய்விடும்.

எங்கள் பக்கத்துக் குற்றாலத்தில் சுவாமிக்கே தலைவலி உண்டு. திருமாலாக நின்றவரை அகத்தியர் தலையில் கைவைத்து அழுத்திச் சிவலிங்கமாக்கினார் என்பது தலபுராணம். அந்த அழுத்தத்தால் வந்த நோவு தீர, மூலிகைத் தைலம் காய்ச்சிக் குற்றாலநாதருக்குச் சாத்துகிறார்கள், கஷாயமும் படைக்கிறார்கள். வலியைக் கேட்டறிந்து மருந்து தரும் ஏற்பாடு எங்களுக்குப் புதிதல்ல என்று அத்தை சொல்வதுண்டு.

மருந்து இல்லாத இடத்தில் எண்ணால் என்ன பயன்? 1986-இல் உலக சுகாதார நிறுவனம் புற்றுநோய் வலிக்கு மூன்று படி ஏணியைத் தந்தது, மேல்படியில் மார்ஃபின். அதற்கு முந்தைய ஆண்டுதான் இந்தியாவில் போதைப்பொருள் தடைச் சட்டம் வந்து, மார்ஃபின் வைத்திருப்பதே மருத்துவமனைகளுக்குப் பெரும்பாடானது. அபின் விளையும் நாட்டில் நோயாளிகள் மார்ஃபின் கிடைக்காமல் துடித்தார்கள். சட்டம் தளர 2014 ஆயிற்று. அதற்காக நெடுநாள் போராடியவர்களில் ஒருவரான டாக்டர் எம்.ஆர்.ராஜகோபால் இருப்பது, செங்கோட்டை, ஆரியங்காவு வழியாக மலையைத் தாண்டினால் வரும் திருவனந்தபுரத்தில். 1993-இல் கோழிக்கோட்டில் வலி நிவாரண மையம் தொடங்கியவர்களில் அவரும் ஒருவர். மருந்து கிடைக்கும் இடத்திலோ, நேற்று 8, மருந்துக்குப் பின் இன்று 4 என்றால் மருந்தளவு சரியான திசையில் போகிறது. அங்கே எண் வேலை செய்கிறது. ஒரே ஆளின் நேற்றையும் இன்றையும் ஒப்பிடத்தான் அது உதவும். என் 6-ஐயும் உங்கள் 6-ஐயும் ஒப்பிட அல்ல.

மறுநாள் அதே நர்ஸ் வந்தார். இம்முறை எண் கேட்கவில்லை. "நேத்தைக்கு இன்னைக்கு எப்படி ஆச்சி?"

"முக்காவாசி தேவல தாயி. குடைச்சல் போயிட்டு. தையல் போட்ட எடத்துலதான் காந்துது."

அவர் 2 என்று எழுதி, பக்கத்தில் சின்ன எழுத்தில் 'காந்தல், தையல்' என்றும் குறித்துக்கொண்டு, கட்டைப் பிரித்துப் பார்க்கக் குனிந்தார்.