சுருளும் குரலும்: ஏ. கே. செட்டியாரின் காந்திப்படமும் மலைநாடும்

1927ஆம் ஆண்டு நவம்பரில் காந்தியடிகள் இலங்கைக்கு வந்தபோது மலைநாட்டுக்கும் வருகை தந்தார். தோட்டத் தொழிலாளர் அவரை நேரிற் கண்டனர். இத்தகைய காட்சிகள் கண்டவரோடு மறைந்துவிடுவன. அவற்றுள் பிலிமில் எஞ்சியவற்றைத் தேடித் தொகுத்து ஒரு வரலாறாக்கியவர் ஏ. கே. செட்டியார்.

தோக்கியோவிலும் நியூயோர்க்கிலும் படப்பிடிப்பைப் பயின்ற அவருக்கு இவ்வெண்ணம் 1937இல் அத்திலாந்திக் கடற்பயணத்தின்போது உதித்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணஞ் செய்து, முப்பது ஆண்டுக்காலத்தில் நூறு படப்பிடிப்பாளர் எடுத்த 50,000 அடிப் பிலிமைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடி கொண்ட தமிழ்ப்படம் உருவாகி, 1940 ஆகத்து 23ஆம் நாள் சென்னை ரொக்சி அரங்கில் வெளியாயிற்று. நான்கில் மூன்று பங்கினை ஒதுக்கத் துணிவதும் தொகுப்போனுக்குரிய கலையே.

உப்பு யாத்திரை முதலியவற்றைப் படமெடுத்தோர் அனைவரும் காந்தியத் தொண்டரல்லர்; செய்தி விற்க வந்தோரும் அவருள் இருந்தனர். எனினும், அச்சுருள்களை நிரல்பட அமைத்துத் தமிழ் விளக்கவுரை சேர்த்தபோது அவை வேறொரு பொருளைப் பயந்தன. பழம்படத்தை ஆள்வோன் கருதவேண்டியது இதுவே: காட்சி ஒன்றாயினும், அதற்குக் குரல் கொடுப்பவன் மாறின் கருத்தும் மாறும்.

பிறர் சுருள்களைக் காத்தவரின் படம் தான் காக்கப்படவில்லை. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் பெற்ற அப்படத்தின் தமிழ் மூலம் பின்னர் காணாமற் போயிற்று. ஆங்கிலச் சுருக்க வடிவொன்றையே வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி இந்நூற்றாண்டில் சான்பிரான்சிஸ்கோப் பல்கலைக்கழகமொன்றிற் கண்டறிந்தார். அக்காலப் பிலிம் பெரும்பாலும் செலுலோசு நைத்திரேற்றாலானது. எளிதில் தீப்பற்றும், வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து பொடியாகும். குளிரறையும் மறுபடியும் இன்றேல் அதற்கு வாழ்வில்லை.

மலைநாட்டின் நிலையோ இதற்கு மறுதலை. இலங்கைத் தேயிலைப் பிரசார சபைக்காகப் பேசில் ரைட் எடுத்த ‘சோங் ஒவ் சிலோன்’ (1934) அழியாது நிற்கிறது. கொழுந்து பறிக்கும் பெண்களை அதிற் காணலாம். ஆனால் ஒலியமைப்பு இலண்டனில் நிகழ்ந்தது. வாணிபத்தைக் கூறும் பகுதியில் விலைவாசியும் வணிகர் பேச்சுமே கேட்கின்றன. பறிப்பவள் தன் வாழ்வைப்பற்றி யாண்டும் பேசவில்லை. சென்னையிற் குரலோடு சுருளும் போயிற்று. இங்குச் சுருள் உண்டு, குரல் இல்லை.

அக்கரப்பத்தனைக்கு அப்பாலுள்ள டயகமத் தோட்டங்களைப்பற்றி ஒருவர் படமெடுக்கப் புகுந்து அப்பழஞ் சுருளை ஆள்வாராயின், பழைய ஒலியை அப்படியே ஏற்றல் பொருந்தாது. படத்தை லயத்து முதியோர்க்கு முதலிற் போட்டுக் காட்டுதல் வேண்டும். கூடையின் கயிற்றைத் தலையில் மாட்டிய முறை, கங்காணி நின்ற இடம், கொழுந்து நிறுத்த வேளை ஆகியவற்றை அவர்கள் கூறக் கூற அம்மொழியிலேயே பதிவு செய்து, அப்பதிவின் ஒரு படியை மலைநாட்டு நூலகமொன்றிலும் வைத்தல் வேண்டும்.