உப்பு போன வழியில்

டிரெக்கிங் விளம்பரங்களை ஒரு வாரம் தொடர்ந்து பார்த்தால், ஒரே ஆள் வேறு வேறு பெயரில் எழுதியது போலத் தோன்றும். ஐந்து நாள், ஏழு நாள், பன்னிரண்டு நாள். அனுபவமுள்ள கைடு. பை தூக்க ஆள். ராத்திரி மலைக் கிராமத்து வீட்டில் தங்கல், அந்த வீட்டுச் சாப்பாடு. நேபாளத்தின் அன்னபூர்ணா பக்கம் கூட்டிப்போகிறவர்கள் கிட்டத்தட்ட எல்லோரும் இதைத்தான் விற்கிறார்கள். எங்கள் ஆபீஸிலும் வருஷத்துக்கு இரண்டு பேராவது போய்விட்டு வந்து, மதியச் சாப்பாட்டு நேரத்தில் போனை நீட்டிப் படம் காட்டுகிறார்கள்.

இந்த பேக்கேஜில் இரண்டு சரக்கு இருக்கிறது. ஒன்று, கைடோடு நடப்பது. இன்னொன்று, கிராமத்து வீட்டில் தங்குவது. இரண்டும் ஒட்டிப் பிறந்த இரட்டைப் பிள்ளைகள் மாதிரித்தான் நமக்குத் தெரியும். ஆனால் வரலாற்றில் இரண்டுக்கும் சம்பந்தமே இல்லை. வீட்டில் தங்குவது உப்பு வியாபாரத்திலிருந்து வந்தது. கைடோடு நடப்பது பட்டாளத்திலிருந்து வந்தது. இரண்டும் எப்போது ஒட்டின, ஒட்டியபோது யாருக்கு இடம் இல்லாமல் போனது என்பதுதான் இங்கே விஷயம்.

அடுப்பைச் சுற்றி

காளி கண்டகி ஆறு நேபாளத்தின் வட எல்லையிலிருந்து தெற்கே இறங்கி, 8,167 மீட்டர் உயரமுள்ள தவளகிரிக்கும் 8,091 மீட்டர் உயரமுள்ள அன்னபூர்ணாவுக்கும் நடுவே புகுந்து ஓடுகிறது. இமயமலையைக் குறுக்கே கடக்க இயற்கை விட்டுவைத்த சில வாசல்களில் இதுவும் ஒன்று. திபெத்தின் ஏரிகளில் எடுத்த உப்பு, யாக் மீதும் ஆடுகள் மீதும் ஏறி இந்த வழியாகத் தெற்கே வந்தது. தாழ்நிலத்து அரிசியும் தானியமும் எதிர்த்திசையில் மேலே போயின. இரண்டும் கை மாறிய இடம் தாக் கோலா பள்ளத்தாக்கு. அதன் பெரிய சந்தை துக்குச்சே என்ற ஊர்.

கைமாற்றிக் கொடுத்தவர்கள் தகாலி மக்கள். 19ஆம் நூற்றாண்டின் பின்பாதியில் நேபாள அரசு உப்பு வரி வசூலைக் குத்தகைக்கு விட, அதை எடுத்த தகாலி குடும்பத் தலைவர்கள் 'சுப்பா' பட்டத்தோடு அந்தப் பள்ளத்தாக்கையே ஆண்டார்கள் என்று சொல்லலாம். இந்த ஏகபோகம் 1920களின் இறுதிவரை நீடித்தது.

அந்தப் பாதையில் நடப்பது ரசனைக்குரிய காரியம் இல்லை. காலை பத்து, பதினோரு மணி தாண்டினால் தெற்கிலிருந்து காற்று கிளம்பி, மணலை வாரி முகத்தில் அடிக்கும். அதனால் விடியும் முன்பே கிளம்பி, மதியத்துக்குள் ஒரு சுவருக்குள் ஒதுங்கிவிட வேண்டும். மார்பா கிராமத்தில் வீடுகள் ஒன்றோடொன்று முதுகை ஒட்டி நிற்பதையும் சந்துகள் குறுகலாக இருப்பதையும் படத்தில் பார்த்திருப்பீர்கள். அழகுக்குக் கட்டியது இல்லை, காற்றுக்குக் கட்டியது.

அப்படி ஒதுங்குகிற வீட்டுக்கு நேபாளியில் பட்டி என்று பெயர். நம் ஊர்ப் பெயர்களில் வருகிற பட்டி இல்லை, உலை என்று பொருள் தரும் சொல். பெயரே அடுப்பிலிருந்து வந்தது. ஆண்கள் சரக்கோடு வெளியூர் போய்விட, பட்டியை நடத்தியவர்கள் பெரும்பாலும் பெண்கள். வருகிறவர்கள் அவர்களைத் தீதி என்று கூப்பிடுவார்கள். தீதி என்றால் அக்கா. கணக்கு ரொம்ப எளிமை: சாப்பாட்டுக்குக் காசு, படுக்கைக்குக் கிடையாது. பருப்பும் சோறும் கேட்டால் கேட்ட அளவு. சாப்பிட்டு முடித்ததும் அடுப்பைச் சுற்றிப் படுத்துக்கொள்ள வேண்டியதுதான்.

யார் படுத்தார்கள் என்பது முக்கியம். கழுதைக்காரர், சிறு வியாபாரி, லீவில் ஊருக்கு வரும் பட்டாளத்துக்காரர், முதுகில் சுமை தூக்குகிறவர். முக்திநாத்துக்குப் போகும் யாத்ரீகர்களும் உண்டு. நம் ஆட்களுக்கு அந்த ஊர் அந்நியம் இல்லை. 108 திவ்யதேசங்களில் திருச்சாளக்கிராமம் என்று பெரியாழ்வாரும் திருமங்கையாழ்வாரும் பாடிய தலமாக வைணவர்கள் சொல்வது இதைத்தான். திபெத்துக்குள் ரகசியமாக நுழைய வழி தேடிய ஜப்பானியத் துறவி எகாய் கவாகுச்சி 1899, 1900 ஆண்டுகளில் இதே பள்ளத்தாக்கில்தான் காத்திருந்தார். அன்னபூர்ணாவில் முதன்முதலில் ஏறிய பிரெஞ்சுக்காரர்கள் 1950இல் துக்குச்சேயில்தான் டேரா போட்டார்கள்.

பாதையே சுமை தூக்குகிறவருக்காகத்தான் அமைந்திருந்தது. நேபாள மலைப்பாதைகளில் ஏற்றம் முடியும் இடங்களில் சௌதாரா என்ற கல்மேடை இருக்கும். அரசும் ஆலும் நட்டு, கூடையை முதுகிலிருந்து இறக்காமலே சாய்த்து வைக்கத் தோதான உயரத்தில் கட்டியிருப்பார்கள். செத்துப்போன உறவினர் நினைவாகக் கட்டுவது வழக்கம். நம் ஊர் சுமைதாங்கிக் கல்லைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

கூடாரத்திலிருந்து

சரி, கைடு எங்கிருந்து வந்தார்?

ஜிம்மி ராபர்ட்ஸ் 1916இல் குஜராத்தில் பிறந்த ஆங்கிலேயர். கூர்க்கா படையில் அதிகாரி. 1957இல் மச்சாபுச்சரே சிகரத்துக்குப் போன குழுவின் தலைவர். அவர் குழுவில் இருவர் உச்சிக்குச் சுமார் 45 மீட்டர் கீழே வரை போய்த் திரும்பினார்கள். அதன்பிறகு அந்த மலையில் ஏற யாருக்கும் அனுமதி தரப்படவில்லை. இவர் 1964இல் காத்மாண்டுவில் மவுண்டன் டிராவல் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். மலை ஏறத் தெரியாதவர்களையும் மலைக்குள் கூட்டிப்போகலாம் என்பது அவர் யோசனை. 1965இல் முதல் வாடிக்கையாளர்களாக மூன்று அமெரிக்கப் பெண்கள் வந்து, எவரெஸ்ட் பக்கம் நடந்துவிட்டுப் போனார்கள்.

ராபர்ட்ஸ் எதையும் புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. தனக்குத் தெரிந்த மலையேற்றப் படையெடுப்பின் ஏற்பாட்டை அப்படியே எடுத்து, அதிலிருந்து சிகரத்தை மட்டும் நீக்கிவிட்டார். சர்தார் என்ற மேற்பார்வையாளர், ஷெர்பா உதவியாளர்கள், சமையல்காரர், கூடாரம், மேசை, நாற்காலி, இதையெல்லாம் தூக்க ஒரு வரிசைப் போர்ட்டர்கள். காலையில் கூடாரத்துக்குள்ளேயே டீ வரும். கிராமம் என்பது கடந்துபோக வேண்டிய இடம். வயல் ஓரத்தில் முகாம்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. வெள்ளைக்காரர்கள் குளிரில் வெளியே கூடாரத்தில் படுத்தார்கள். போர்ட்டர்களுக்குக் கூடாரம் கிடையாது. தங்கள் சாப்பாட்டையும் படுக்கையையும் அவர்களே பார்த்துக்கொள்ள வேண்டும். பட்டி இருந்த ஊரில் பட்டி, இல்லாத இடத்தில் பாறை இடுக்கு. ஆக, ஊருக்குள் வீட்டில் தங்கியது சுமை தூக்கியவர்தான்.

ஒட்டிய இடம்

1959க்குப் பிறகு திபெத் எல்லை இறுகியது. தெற்கிலிருந்து இந்திய உப்பு மலிவாக வந்து சேர்ந்தது. முஸ்தாங்கில் 1974வரை திபெத்தியக் கொரில்லாக்கள் முகாமிட்டிருந்தார்கள். வியாபாரம் படுத்துவிட்டது. தகாலிகளில் பலர் பொக்காரா, காத்மாண்டு என்று கீழே இறங்கினார்கள். இன்றைக்கு நேபாள நகரங்களில் தெருவுக்குத் தெரு தகாலி சாப்பாட்டுக் கடை இருப்பதற்கு இந்த இடப்பெயர்ச்சியும் ஒரு காரணம்.

ஊரில் மிஞ்சிய பட்டிகளுக்கு எழுபதுகளில் புது ஆட்கள் வந்தார்கள். கூடாரத்துக்கும் சமையல்காரருக்கும் காசில்லாத வெளிநாட்டு இளைஞர்கள். பொக்காராவிலிருந்து ஜோம்சோம் வரை பையை மாட்டிக்கொண்டு தாங்களே நடந்தார்கள். தீதிகளுக்கு இது புது வேலை இல்லை. உப்புக்காரனுக்குப் போட்ட அதே சோறுதான். 1977இல் மனாங் பள்ளத்தாக்கும் வெளிநாட்டவர்க்குத் திறக்கப்பட, 5,416 மீட்டர் உயரமுள்ள தொராங் கணவாயைக் கடந்து மலையையே சுற்றிவரும் அன்னபூர்ணா சர்க்யூட் உருவானது.

பட்டி மெல்ல லாட்ஜ் ஆனது. ஒரே கூடத்தைப் பலகை வைத்துத் தடுத்து அறைகளாக்கினார்கள். மெனு அட்டை வந்தது. மார்பாவில் 1966இல் அரசு தோட்டக்கலைப் பண்ணை தொடங்கியிருந்ததால் ஆப்பிள் விளைந்தது, அதனால் ஆப்பிள் பை வந்தது. காந்த்ருக் போன்ற குருங் கிராமங்களில் பட்டாளத்துப் பென்ஷன் பணம் லாட்ஜ் ஆயிற்று. அந்தப் பட்டாளத்துக்காரர்களை ஊரில் லாஹுரே என்பார்கள். ரஞ்சித் சிங்கின் படையில் சேர லாகூர் போனவர்களிடமிருந்து வந்த பெயர். விறகுக்காகக் காடு வேகமாக அழியவே, 1986இல் அன்னபூர்ணா பாதுகாப்புத் திட்டம் காந்த்ருக்கில் தொடங்கி, மண்ணெண்ணெயையும் விறகு மிச்சமாகும் அடுப்பையும் கொண்டுவந்தது. லாட்ஜ்காரர்கள் கமிட்டி போட்டு ஒரே விலைப்பட்டியல் வைத்தார்கள்.

இந்தச் சமயத்தில்தான் அந்த இரண்டு சரக்கும் ஒட்டுகின்றன. லாட்ஜ் இருக்கும்போது கூடாரத்தை ஏன் தூக்க வேண்டும்? நிறுவனங்கள் கூடாரத்தை விட்டுவிட்டு, கைடும் போர்ட்டரும் லாட்ஜும் என்று பேக்கேஜைச் சுருக்கின. விலை குறைந்தது, கூட்டம் பெருகியது. வெளியே படுத்த விருந்தாளி உள்ளே வந்தார். உள்ளே படுத்தவர்?

அடுப்பைச் சுற்றி யாரும் படுக்கலாம் என்ற கணக்கு, அறைக்கு இரண்டு கட்டில் என்ற கணக்காக மாறினால், கட்டிலுக்குக் காசு கொடுக்க முடியாதவர் கணக்கிலேயே வரமாட்டார். சீசனில் லாட்ஜ் நிரம்பினால் கைடு சாப்பாட்டு ஹாலின் பெஞ்சில், விருந்தாளிகள் எல்லாம் எழுந்துபோகும் வரை காத்திருந்து படுப்பார். போர்ட்டருக்குச் சில இடங்களில் அதுவும் இல்லை. தாழ்நிலத்திலிருந்து வந்த ஏழை விவசாயிக்கு 4,000 மீட்டர் உயரக் குளிர், போட்டிருக்கும் நமக்குப் போலவே புதிது. அவர் மலைக்காரர், அவருக்கு ஒன்றும் ஆகாது என்று நாமாக வைத்துக்கொண்டோம். 1997இல் அன்னபூர்ணா பாதையில் உயர நோய் கண்ட ஓர் இளம் போர்ட்டரைக் கூலி கொடுத்துத் தனியே கீழே அனுப்பினார்கள். அவர் இறந்துபோனார். போர்ட்டர்களின் பாதுகாப்புக்கான சர்வதேச அமைப்பு ஒன்று உருவானது அதன் பிறகுதான். நேபாளத்தில் ஒருவருக்கு 30 கிலோவுக்கு மேல் ஏற்றாதே, குளிருக்குத் துணி கொடு, படுக்க இடம் கொடு, நோய் வந்தால் தனியே அனுப்பாதே என்று எழுதி வைத்தார்கள். ஒரு காலத்தில் பட்டியில் கேட்காமலே கிடைத்த இடத்தை, விதி போட்டுக் கேட்க வேண்டியதாயிற்று.

மறுபடியும் வீடு

அதே 1997இல் சியாங்ஜா மாவட்டத்தின் சிருபாரி என்ற குருங் கிராமம் வேறொன்றைச் செய்துபார்த்தது. லாட்ஜ் கட்டவில்லை. வருகிறவர்களை ஊரே மேளத்தோடு வரவேற்று, வீட்டுக்கு இரண்டு பேர் என்று முறைவைத்துப் பிரித்து அனுப்பியது. இந்த வழியை முன்நின்று நடத்தியவர்கள் ஓய்வுபெற்ற பட்டாளத்துக்காரர்கள். லாட்ஜ் கட்டக் கையில் முதல் இல்லாத வீட்டுக்கும் விருந்தாளி முறைப்படி வந்தே ஆக வேண்டும் என்பதுதான் இதில் உள்ள சூட்சுமம். 2010இல் நேபாள அரசு ஹோம்ஸ்டேவுக்கு நடைமுறை விதி வகுத்தபோதும், சமூக ஹோம்ஸ்டே என்றால் குறைந்தது ஐந்து வீடுகள் சேர வேண்டும் என்று வைத்தது.

கேட்க நல்லாத்தான் இருக்கு. ஆனால் வீடு என்றால் வேலை இருக்கிறது, அந்த வேலை எப்போதும்போலப் பெண்களிடம் வருகிறது. ஆண்கள் முன்பு பட்டாளத்துக்குப் போனார்கள், இப்போது வளைகுடாவுக்கும் மலேசியாவுக்கும் போகிறார்கள். தீதி மட்டும் அதே அடுப்பின் முன்னால்.

இதற்கிடையில் ரோடு வந்துவிட்டது. 2008 வாக்கில் காளி கண்டகி ஓரமாக ஜீப்பும் பஸ்ஸும் ஓடத் தொடங்கின. உப்பு, அரிசி, யாத்ரீகர், எல்லாம் சக்கரத்தில். நடந்தே ஆக வேண்டியவர் என்று அந்தப் பள்ளத்தாக்கில் யாரும் இல்லை. வெளியூர்க்காரர்கள் ரோட்டைப் பார்த்து, பாதையின் அழகு போச்சு என்று வருத்தப்படுகிறார்கள். பிரசவ வலி கண்ட பெண்ணைத் தூக்கிக்கொண்டு மூன்று நாள் நடக்க வேண்டிய ஊரில் அந்த வருத்தத்துக்கு என்ன மதிப்பு இருக்கும் என்று யோசிச்சுப் பாருங்க.

கைடு கதையும் முடியவில்லை. 2014 அக்டோபரில் விசாகப்பட்டினத்தைத் தாக்கிய ஹுத்ஹுத் புயலின் மிச்சம் இமயமலையில் பனிப்புயலாக இறங்கியது. தொராங் கணவாய்ப் பக்கத்திலும் சுற்றுவட்டாரத்திலும் 40க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதில் வெளிநாட்டு நடைப்பயணிகளோடு நேபாளி கைடுகளும் போர்ட்டர்களும் உண்டு. 2023 ஏப்ரல் 1 முதல் வெளிநாட்டவர் கைடு இல்லாமல் தனியே நடக்கக் கூடாது என்று நேபாளம் விதி கொண்டுவந்தது. பாதுகாப்பு, வேலைவாய்ப்பு என்று இரண்டு காரணம் சொன்னார்கள். எவரெஸ்ட் பக்கத்து உள்ளாட்சி அதை ஏற்கவில்லை. எழுபதுகளில் தனியாக வந்து பட்டிக் கதவைத் தட்டிய அந்த இளைஞன் இன்று வந்தால் சட்டப்படி ராபர்ட்ஸின் வரிசையில்தான் நிற்க வேண்டும்.

பாரம்பரிய வீடு, அசல் அனுபவம் என்ற சொற்களை நான் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. அந்த வீடு உப்புக்காரன் காலத்திலும் காசுக்குத்தான் சோறு போட்டது, அதில் குறை ஒன்றும் இல்லை. பழைய பட்டியிடம் எடுத்துக்கொள்ள ஒன்று இருக்கிறது என்றால், அது யார் சுமந்து வந்தாலும் உள்ளே இடம் உண்டு என்ற அதன் கணக்குதான். அடுத்த சீசனுக்கு யாராவது புக் செய்யப் போகிறீர்கள் என்றால், வைஃபை உண்டா, வெந்நீர் உண்டா என்று கேட்பதோடு, என் பையைத் தூக்கிவருகிறவர் ராத்திரி எங்கே படுப்பார், என்ன சாப்பிடுவார், அதற்கு யார் காசு கொடுப்பார் என்றும் கேளுங்கள். பதில் சொல்லத் தெரிந்த ஆளோடு போங்கள்.