வாச்சாத்தி: 'சோதனை' என்னும் சொல்லும் சாட்சியமும்

மொரப்பூருக்குத் தெற்கே, அரூர்ப் பகுதியில் சித்தேரி மலையடிவாரத்தில் அமைந்தது மலையாளிப் பழங்குடியினரின் வாச்சாத்தி. சந்தனக் கடத்தலை முன்னிட்டு வனத்துறையினர் வந்துபோவது அங்குப் புதிதன்று. 1992 ஜூன் 20 காலையிலும் அவர்கள் கட்டைகளைத் தேடியே வந்தனர். ஊராரோடு கைகலப்பு மூண்டபின் வனம், காவல், வருவாய் ஆகிய முத்துறையினரும் பெருந்திரளாக நுழைந்தனர். ஆண்கள் பலர் மலைக்குள் ஓடிவிட, எஞ்சியோர் ஆலமரத்தடியில் திரட்டப்பட்டனர். 18 பெண்கள் ஏரிப்பக்கம் கொண்டுசெல்லப்பட்டு வன்புணர்வுக்கு ஆளாயினர்.

துறையினர் இதனைச் சந்தனச் சோதனை என்றே கூறிவந்தனர். அலுவலகக் கோப்புகளையே முதன்மைச் சான்றாகக் கொள்ளும் வட்டார வரலாற்றெழுதியலுக்கு இது ஓர் எச்சரிக்கை. இங்குச் சான்றாக நின்றவை அப்பெண்களின் வாய்மொழிகளே. மத்தியப் புலனாய்வுத் துறை 269 பேர்மீது குற்றஞ்சாட்டியது. 2011 செப்டம்பர் 29 அன்று, உயிருடனிருந்த 215 பேரையும் தருமபுரி நீதிமன்றம் தண்டித்தது. அத்தீர்ப்பைச் சென்னை உயர்நீதிமன்றம் 2023இல் உறுதிசெய்தது.