விமானக் கட்டணம் வளர்ந்த வரலாறு

சென்ற ஆண்டு நம் சங்கத்தின் பொங்கல் விழா முடிந்து ஒரு வாரங்கூட ஆகவில்லை. காலனியில் நீண்ட காலமாக வசிக்கும் அன்பர் ஒருவருக்குக் கும்பகோணத்தை அடுத்த சொந்தக் கிராமத்தில் தாயார் காலமானார் என்று இரவில் செய்தி வந்தது. மூத்த மகன் அவரே. நாகபுரியிலிருந்து சென்னைக்கு ரயிலில் ஏறக்குறைய 16 மணி நேரம். அங்கிருந்து ஊர் போய்ச் சேர இன்னும் 6, 7 மணி நேரம். அதுவரை ஊரார் காத்திருக்க இயலாதாகையால், அன்பர் மறுநாள் காலை விமானத்தில் புறப்பட்டார். டிக்கட் விலை 14,200 ரூபாய். சம்பளத் தேதிக்கு இன்னும் பத்து நாள் இருந்தமையால் அக்கம்பக்கத்தார் சேர்ந்து கொடுத்த பணத்தில்தான் டிக்கட் வாங்கப்பட்டது. அதே விமானத்தில், அவருக்கு முன் வரிசையில், நம் காலனியைச் சேர்ந்த மற்றொருவர் மைத்துனரின் கலியாணத்திற்காகக் குடும்பத்துடன் போய்க்கொண்டிருந்தார். இரண்டு மாதம் முன்னதாகவே அவர் எடுத்திருந்த டிக்கட் ஒன்றுக்கு 3,900 ரூபாய்.

காரியங்களை முடித்துத் திரும்பிய அன்பர் நம்மிடம் கேட்டார்: "தம்பி, நீ ரயில்வேயில் டிக்கட் கணக்கிலேயே இருபது வருஷம் கழித்தவன். ஒரே விமானம், அடுத்தடுத்த வரிசை. கலியாணத்துக்குப் போகிறவருக்கு ஒரு விலை, கொள்ளி வைக்கப் போகிறவனுக்கு அதைப்போல் மூன்று மடங்குக்கு மேல். இது என்ன நியாயம்?"

பத்தாம் வகுப்புடன் படிப்பை நிறுத்தி ரயில்வே குமாஸ்தாவான நமக்கு அன்று விடை தெரியவில்லை. அந்த வெட்கத்தால் தூண்டப்பட்டு, ஓய்வு நேரங்களில் படித்தும் விவரம் அறிந்தவர்களை விசாரித்தும் தெரிந்துகொண்டவற்றை இவ்வாண்டு மலரில் அன்பர்கள் முன் வைக்கிறோம்.

கடிதம் கட்டணம் கொடுத்த காலம்

இந்திய ஆகாயத்தில் முதன்முதலாகக் கட்டணம் கொடுத்துப் பறந்தவை கடிதங்களே. 1911 பிப்ரவரி 18ஆம் நாள் ஆன்ரி பெக்கே என்னும் பிரெஞ்சு விமானி அலகாபாத்திலிருந்து நைனி வரை, சுமார் 6 மைல் தூரம், ஏறக்குறைய 6,500 கடிதங்களை ஏற்றிச் சென்றார். ஒவ்வொரு கடிதத்திற்கும் 6 அணா தனிக் கட்டணம் வசூலிக்கப்பட்டது.

ஒழுங்கான சேவை ஏற்பட மேலும் 21 ஆண்டுகள் ஆயின. 1932 அக்டோபர் 15ஆம் நாள் ஜே. ஆர். டி. டாட்டா ஒரு சிறு விமானத்தில் கராச்சியிலிருந்து அகமதாபாத் வழியாகப் பம்பாய் ஜுஹுவில் வந்து இறங்கினார். நெவில் வின்ட்சென்ட் அங்கிருந்து பெல்லாரி வழியாகச் சென்னைக்குத் தபாலைக் கொண்டு சேர்த்தார். அகமதாபாத்தில் பெட்ரோல் டின்கள் மாட்டு வண்டியில் வந்து சேர்ந்தன என்று படிக்கும்போது புன்னகை எழுகிறது. முதல் முழு ஆண்டில் அக்கம்பெனி ஏற்றிய பிரயாணிகள் 155 பேர் மட்டுமே. எனினும் 60,000 ரூபாய் லாபம் கிட்டியது. விமானம் பறப்பதற்கான செலவைத் தபால் பையே ஏற்றுக்கொண்டதுதான் காரணம். பிரயாணி கொடுத்தது மேல்வரும்படி.

நாகபுரியில் நள்ளிரவு

இரண்டாம் உலக யுத்தம் முடிந்தபின் அமெரிக்கப் படையினர் விட்டுச் சென்ற டகோட்டா விமானங்கள் மலிவாகக் கிடைத்தன. சுமார் 21 முதல் 28 பேர் வரை அமரக்கூடிய அவ்விமானங்களை வாங்கிக்கொண்டு பலரும் கம்பெனி தொடங்கினர். சர்க்காரும் தாராளமாக உரிமம் வழங்கியது. ஆனால் பிரயாணிகள் அந்த அளவுக்குப் பெருகவில்லை. அம்பிகா, ஜுபிடர் போன்ற கம்பெனிகள் சில ஆண்டுகளிலேயே மூடப்பட்டன.

இந்தக் கட்டத்தில்தான் நம் நாகபுரி இவ்வரலாற்றில் இடம் பெறுகிறது. அப்போதைய போக்குவரத்துத் தொடர்பு மந்திரி ரஃபி அகமது கித்வாயின் முயற்சியால் 1949 ஜனவரி 30ஆம் நாள் இரவுத் தபால் விமான சேவை தொடங்கிற்று. டில்லி, பம்பாய், கல்கத்தா, சென்னை ஆகிய நான்கு நகரங்களிலிருந்தும் இரவில் புறப்பட்ட விமானங்கள் நள்ளிரவில் நம் சோனேகாவ் நிலையத்தில் கூடும். தபால் பைகளும் பிரயாணிகளும் விமானம் மாறியபின் விடியற்காலையில் அவை தத்தம் ஊர் திரும்பும். நம் ரயில்வேயின் ஜங்ஷன் முறையை ஆகாயத்தில் அமைத்தார்கள் என்றே சொல்லலாம். பகலில் பறந்த விமானம் இரவிலும் உழைத்ததால் செலவு பரவலாயிற்று. சும்மா நிற்கும் வாகனம் நஷ்டம் என்பது ரயில்வேக்காரருக்குப் புதிதன்று. வாகனைத் தாமதப்படுத்தும் வியாபாரியிடம் நாம் டெமரேஜ் வாங்குவதும் அதனால்தானே!

யாவருக்கும் ஒரே கட்டணம்

கம்பெனிகளின் நஷ்டம் வளரவே, 1950இல் நீதிபதி ராஜாத்யக்ஷா தலைமையில் விசாரணைக் குழு அமைந்தது. பின்னர் 1953 ஆகஸ்ட் 1ஆம் நாள் விமானப் போக்குவரத்து தேசியமயமாயிற்று. எட்டு கம்பெனிகள் ஒன்றாகி இந்தியன் ஏர்லைன்ஸ் கார்ப்பரேஷன் பிறந்தது. அதன் கைக்கு வந்த 99 விமானங்களில் 74 பழைய டகோட்டாக்கள்.

அக்காலத்தில் கட்டணம் சர்க்காரின் சம்மதத்துடன் நிர்ணயிக்கப்பட்டது. மாணவர் சலுகை போன்றவை நீங்கலாக, அடுத்தடுத்த ஆசனங்களில் இருப்போர் கொடுத்தது ஒரே தொகை. நம் அன்பர் கேட்ட நியாயம் அன்று இருந்தது. ஆனால் அந்த நியாயத்திற்குள் நாம் இல்லை. அந்தக் கட்டணத்தில் குமாஸ்தாக் குடும்பங்கள் விமானத்தை அண்ணாந்து பார்த்ததோடு சரி. அக்காலத்தில் ஊரில் துக்கம் நேர்ந்தால் தந்தி வந்து சேர்வதற்குள்ளேயே காரியம் முடிந்துவிடும். பின்னர் ரயிலேறிப் பத்தாம் நாள் சடங்குக்குப் போனவர்கள் இக்காலனியில் எத்தனையோ பேர்.

காலி ஆசனத்தின் கணக்கு

இனி விலை மாறும் மர்மத்திற்கு வருவோம். விமானம் ஒன்று ஓட ஆகும் செலவில் பெரும்பகுதி, முதல் பிரயாணி ஏறுவதற்கு முன்பே ஆகிவிடுகிறது. விமானத்தின் வாடகையை டாலரில் கட்டவேண்டும். ரூபாய் மதிப்புக் குறைந்தால் அது தானாகவே ஏறும். இஞ்சின் பராமரிப்பு, விமானிகளின் சம்பளம், இறங்குவதற்கும் நிறுத்துவதற்கும் கட்டணம் ஆகியவை அடுத்து வருவன. எரிபொருள் நம் நாட்டுக் கம்பெனிகளின் மொத்தச் செலவில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு முதல் ஐந்தில் இரண்டு பங்கு வரை விழுங்குகிறது. 2017இல் ஜி.எஸ்.டி. வந்தபோது விமான எரிபொருள் அதில் சேர்க்கப்படாமையால், மாநிலத்துக்கு மாநிலம் வெவ்வேறு விற்பனை வரி அதன்மேல் விழுந்தது.

180 ஆசனங்களில் 100 நிரம்பினாலும் 180 நிரம்பினாலும் இச்செலவுகள் பெரிதும் மாறுவதில்லை. ரயிலில் கூட்டம் மிகுந்தால் ஒரு பெட்டி கூடுதலாகக் கோக்கலாம். விமானத்தில் ஓர் ஆசனங்கூடக் கூட்ட முடியாது. காலியாகப் பறந்த ஆசனத்தை மறுநாள் விற்கவும் முடியாது. ஆகவே எந்த விலைக்காவது விற்றுவிடலாம் என்னும் ஆசை ஒரு புறம். மலிவாக விற்றுவிட்டால் அதிகம் கொடுக்கக்கூடியவர் கடைசியில் வந்து ஏமாந்து போவாரே என்னும் கவலை மறுபுறம்.

இதற்கு 1972இல் பிரிட்டிஷ் ஓவர்ஸீஸ் ஏர்வேஸைச் சேர்ந்த கென் லிட்டில்வுட் ஒரு கணக்குச் சொன்னார். அதை நம் எண்களில் சொல்வோம். முன்கூட்டி வருபவர் 3,000 ரூபாய் தருவார்; கடைசி நேரத்தில் வருபவர் 9,000 ரூபாய் தருவார். அப்படி ஒருவர் வருவதற்கு மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வாய்ப்பு இருந்தால், ஆசனத்தை இன்று விற்காமல் வைத்திருப்பதே லாபம். வாய்ப்பு அதற்குக் குறைந்தால் இன்றே விற்றுவிடுவது லாபம். கணக்கு இவ்வளவே.

அமெரிக்காவில் 1978இல் கட்டணக் கட்டுப்பாடு நீங்கியதும் இக்கணக்கு ஆயுதமாயிற்று. 1981இல் தோன்றிய பீப்பிள் எக்ஸ்பிரஸ் என்னும் மலிவுக் கம்பெனி பிரயாணிகளைக் கவர்ந்தது. அமெரிக்கன் ஏர்லைன்ஸ் 1985இல், முன்கூட்டி வாங்குவோருக்கு அதைப்போன்ற மலிவு விலையில் சில ஆசனங்களையும், கடைசியில் வருவோருக்கு உயர்ந்த விலையில் மீதியையும் கம்ப்யூட்டர் மூலம் பிரித்து விற்றது. மறு ஆண்டே பீப்பிள் எக்ஸ்பிரஸ் வேறொரு கம்பெனிக்குக் கைமாறிற்று. இன்று ஒரே வகுப்பு ஆசனங்களைக்கூடப் பல விலைப் படிகளாகப் பிரித்து, கீழ்ப்படி தீர்ந்ததும் மேற்படியைத் திறக்கிறார்கள். நம் அன்பர் டிக்கட் கேட்ட இரவில் மேற்படி ஒன்றே திறந்திருந்தது. அவர் கொள்ளி வைக்கப் போகிறார் என்பது கம்ப்யூட்டருக்குத் தெரியாது. நாளைக் காலையே போகவேண்டியவர் என்பது மட்டும் தெரியும்.

மலிவு விலையும் மூடிய கம்பெனிகளும்

நம் நாட்டில் 1994இல் பழைய ஏகபோகச் சட்டம் நீக்கப்பட்டது. அதற்கு முன்பே தனியார் விமானங்கள் பறக்கத் தொடங்கியிருந்தன. ஆனால் ஈஸ்ட் வெஸ்ட், மோடிலுஃப்ட், டமானியா, சென்னையைச் சேர்ந்த என்.இ.பி.சி. ஆகியவை 1997 முடிவதற்குள் மறைந்தன. 2003இல் கேப்டன் கோபிநாத் ஏர் டெக்கானைத் தொடங்கினார். 2020இல் வந்த 'சூரரைப் போற்று' படம் அவர் வாழ்க்கையைத் தழுவியதென்பதை நம் குடும்பத்தினர் அறிவர். உணவில்லை, ஏஜெண்டுக்குப் பதில் இண்டர்நெட்டில் டிக்கட், சில ஆசனங்கள் 1 ரூபாய்க்குக்கூட விற்கப்பட்டன. நம் போன்றோர் விமானத்தின் உட்புறத்தைக் கண்டது இதன் பிறகே. ஆயினும் ஏர் டெக்கான் 2008இல் கிங்ஃபிஷருடன் கலந்தது. கிங்ஃபிஷர் 2012இல் நின்றது. ஜெட் ஏர்வேஸ் 2019இல் நின்றது. கோ ஃபர்ஸ்ட் 2023இல் நின்றது. ஏர் இந்தியா 2022 ஜனவரியில் டாட்டாவினிடமே திரும்பிற்று.

ஆசனத்தை விற்க ஆகும் கூடுதல் செலவு சொற்பமாதலால், போட்டியில் ஒவ்வொருவரும் மொத்தச் செலவுக்கும் கீழே விலையை இறக்கிவிடுகிறார்கள். சிறிது காலம் பிரயாணி மகிழ்கிறான். கம்பெனி மூடியதும் மிஞ்சியவர்கள் விலையை ஏற்றுகிறார்கள்.

சர்க்கார் இடையிடையே தலையிடாமலில்லை. கொரோனாவுக்குப் பின் 2020 மே மாதம் முதல் 2022 ஆகஸ்ட் வரை குறைந்த கட்டணமும் உச்சக் கட்டணமும் விதிக்கப்பட்டன. 2025 டிசம்பரில் ஏராளமான விமானங்கள் ரத்தாகிக் கட்டணம் எகிறியபோது, 500 கிலோமீட்டர் வரை 7,500 ரூபாய், 1,500 கிலோமீட்டருக்கு மேல் 18,000 ரூபாய் என்பதுபோல் தூரத்திற்கேற்பத் தற்காலிக வரம்பு வந்தது. ஆபத்துக் காலத்தில் வரம்பு தேவையே. நிரந்தரமாக்கினால், உயர்ந்த படியில் வரும் பணம் குறைந்து, 3,900 ரூபாய் டிக்கட்டும் மறைந்துவிடலாம் என்பதையும் யோசிக்கவேண்டும்.

நம் ரயில்வேயும் இதில் முற்றும் குற்றமற்றதன்று. 1997இல் தத்கால் வந்தது. 2016 செப்டம்பரில் ராஜதானி, சதாப்தி, துரந்தோ வண்டிகளில் பத்து சதவிகித இடம் நிரம்புந்தோறும் அடிப்படைக் கட்டணம் பத்து சதவிகிதம் ஏறும் முறை, ஒன்றரை மடங்கு வரம்புடன், வந்தது. சில வண்டிகளில் இடங்கள் காலியாகவே, 2018இல் அதைத் தளர்த்த நேர்ந்தது. எனினும் ரயில்வேயில் எமர்ஜென்ஸி கோட்டா என்று ஒன்று உண்டு. பெரிய பதவியிலுள்ளோர் போக, மிஞ்சும் இடங்களை நோய், துக்கம் முதலிய காரணங்களைப் பார்த்து ஒதுக்குவர். துக்கத்தில் வருபவரும் மற்றவர் கொடுக்கும் கட்டணமே கொடுக்கிறார். விமானத்தில் காரணத்தைக் கேட்பார் இல்லை.

நாம் செய்யக்கூடியது

ஆகவே அன்பர் கேட்ட கேள்விக்கு நமக்குக் கிட்டிய விடை இது. 1932இல் பிரயாணியின் செலவைக் கடிதம் தாங்கிற்று. இன்று கலியாணத்திற்குப் போகிறவரின் மலிவு டிக்கட்டை, துக்கத்திற்குப் போகிறவரின் டிக்கட்டும் சேர்ந்து தாங்குகிறது. கணக்கில் பிழையில்லை. நியாயத்தில் குறை உண்டு. அந்தக் குறையைக் கம்பெனிகள் தாமாகத் தீர்க்கும் என்று காத்திருப்பதைவிட, நாமே ஒரு வழி செய்துகொள்ளலாம்.

மலிவு டிக்கட்டின் பயனை நாம் எல்லோருமே ஏதேனும் ஒரு கோடை விடுமுறையில் அனுபவித்திருக்கிறோம். காலனியில் 80 குடும்பங்கள் சேர்ந்து மாதம் 50 ரூபாய் போட்டால், ஆண்டுக்கு 48,000 ரூபாய் ஆகும். இவ்வாறு ஒரு அவசரப் பயண நிதி வைத்தால், சாதாரண டிக்கட்டுக்கும் அவசர டிக்கட்டுக்கும் உள்ள பத்தாயிரம் ரூபாய் வித்தியாசத்தை ஆண்டுக்கு நான்கு குடும்பங்களுக்குக் கொடுக்க முடியும். வசதியுள்ளவர் பின்னர் தவணையில் திருப்பலாம்; இல்லாதவரைக் கேட்கவேண்டாம்.

சென்ற ஆண்டு அன்பருக்கு அக்கம்பக்கத்தார் கொடுத்த பணமே இந்நிதியின் முதல் வரவு என்று கொள்ளலாம். அதை அவர் மூன்று மாதத்தில் திருப்பிவிட்டார். தாயாரின் முகத்தைப் பார்த்துக் கடன் கழித்துவிட்டு வந்ததை இன்றும் சொல்லுகிறார். இனி அத்தகைய செய்தி எந்த வீட்டுக்கு வந்தாலும் வீடு வீடாகக் கதவைத் தட்டாமல் அவர் புறப்படவேண்டும். ஆண்டு விழாவை ஒட்டிக் கூடும் பொதுக்குழுவில் இதைத் தீர்மானமாகக் கொண்டுவர எண்ணியுள்ளோம். அன்பர்கள் ஆதரவு தரவேண்டுகிறோம்.