மழையில் பெற்ற கிண்ணம்

கோல்ப் என்னும் ஆட்டம் நம் நாட்டிற்குப் புதியதன்று. 1829-ஆம் ஆண்டிலேயே கல்கத்தாவில் அதற்கென ஒரு மன்றம் தோன்றிவிட்டது. பிரிட்டிஷ் தீவுகளுக்கு வெளியே உள்ள கோல்ப் மன்றங்களுள் அதுவே மிகப் பழமையானது என்பர். கல்கத்தாவிலும் தில்லியிலும் பம்பாயிலும் வாழும் நம்மவர் பலர் இத்தகைய மைதானங்களின் மதிலை ஒட்டி நாள்தோறும் நடந்து போயிருப்பர். உள்ளே சென்று பார்த்தவர் சிலரே. மதிலுக்கு உட்புறத்தில் இருவகை மனிதரைக் காணலாம். பந்தை அடிப்பவர் ஒரு வகை. அவருடைய மட்டைகள் நிறைந்த பையைத் தோளில் சுமந்து பின்னே நடக்கும் ஏழைச் சிறுவர் மற்றொரு வகை. இச்சிறுவர்களுக்குக் கூலி சொற்பம். கண் மட்டும் கூர்மையானது. எந்தக் காற்றுக்கு எந்த மட்டை, எந்தச் சரிவில் பந்து எப்படி உருளும் என்பதை யாரும் சொல்லிக் கொடுக்காமலே கற்றுவிடுவர். அவர்களுள் ஒருவர், கடல் கடந்த நாட்டில் வாழ்ந்த இந்திய வமிசத்தவர், உலகின் தேர்ந்த ஆட்டக்காரரையும் வென்று காட்டினார். பாப்வா செவ்கோலம் என்பது அவர் பெயர்.

அவர் பிறந்த டர்பன் நகரத்துக்கும் நமக்கும் உள்ள தொடர்பைச் சிறிது சொல்லாமல் மேலே செல்லவியலாது. 1860-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் சென்னையிலிருந்து 'ட்ரூரோ' என்னும் கப்பல் 342 பேருடன் புறப்பட்டு, நவம்பர் 16-ஆம் நாள் டர்பனை அடைந்தது. நேட்டால் மாகாணத்தின் கரும்புத் தோட்டங்களில் வேலை செய்ய ஒப்பந்தக் கூலிகளாக இந்தியர் சென்றது அன்று தொடங்கியது. சில நாட்களில் கல்கத்தாவிலிருந்து மற்றொரு கப்பலும் வந்து சேர்ந்தது. 1911-ஆம் ஆண்டில் இம்முறை நிறுத்தப்படும் வரை ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பேர் அவ்வாறு சென்றனர். அவர்களுள் பெரும் பகுதியினர் சென்னை வழியாகச் சென்ற தமிழரும் தெலுங்கரும் ஆவர். எஞ்சியோர் பீகார் முதலான வட பகுதிகளைச் சேர்ந்தவர்.

ஒப்பந்தப் பதிவேடுகளில் வெள்ளைக்கார எழுத்தர்கள் தம் காதில் விழுந்தபடி எழுதி வைத்த பெயர்களே பின்னர் குடும்பப் பெயர்களாக நிலைத்துவிட்டன. முதலியார் 'மூட்லி' ஆனதும், கவுண்டர் 'கவெண்டர்' ஆனதும் இவ்வாறுதான். நம் ஆட்டக்காரரின் இயற்பெயரைச் 'சியூசங்கர்' என்று எழுதினர். நம் ஊர்ச் சிவசங்கரன்தான் அவர். 'பாப்வா' என்பது வழங்கு பெயர்.

பாப்வா ஏறத்தாழ 1930-ஆம் ஆண்டளவில் பிறந்தவர். உம்கெனி ஆற்றங்கரையில், ரிவர்சைட் என்னும் எளிய குடியிருப்பில் வளர்ந்தார். பள்ளிக்குச் செல்லவில்லை, எழுதப் படிக்க அறியார். குடியிருப்புக்கு அண்மையில் பீச்வுட் என்ற வெள்ளையரின் கோல்ப் மைதானம் இருந்தது. அங்கே மட்டைப் பை சுமக்கும் பையனாகச் சேர்ந்தார். ஆட்டத்தைக் கற்றதும் அங்கேதான்.

கற்ற முறையில் ஒரு விந்தை இருந்தது. வலக்கைப் பழக்கமுள்ளவர் கோல்ப் மட்டையைப் பிடிக்கும்போது இடக்கையை மேலும் வலக்கையைக் கீழுமாக வைப்பதே எல்லாப் பாட நூல்களும் கூறும் இலக்கணம். பாப்வாவின் பிடியோ நேர்மாறானது. வலக்கை மேலே, இடக்கை கீழே. அவ்வாறு பிடித்தால் மணிக்கட்டுகள் ஒன்றையொன்று தடுக்கும், பந்து நெடுந்தூரம் செல்லாது என்பது ஆசிரியர்களின் கருத்து. ஆசிரியர் எவரேனும் வாய்த்திருந்தால் முதல் நாளிலேயே அப்பிடியை மாற்றியிருப்பார்; நல்லவேளையாக அவருக்கு ஆசிரியர் எவரும் வாய்க்கவில்லை. அந்தத் தலைகீழ்ப் பிடியோடேயே அவர் நெடுந்தூரமும் அடித்தார், குழியருகே மெல்லத் தட்டி விடுவதிலும் வல்லவரானார். குழியருகே தட்டும்போது இவ்வாறு கை மாற்றிப் பிடிப்பதைப் பிற்காலத்தில் புகழ்பெற்ற ஆட்டக்காரர் பலரும் மேற்கொண்டனர். எல்லா அடிகளுக்கும் அதையே கையாண்டு பெரும் போட்டிகளை வென்றவர் மிக அரியர்.

தென்னாப்பிரிக்காவில் வெள்ளையரல்லாதாருக்கெனத் தனிப் போட்டிகள் நடந்தன; மைதானங்கள் கரடுமுரடானவை, பரிசுத் தொகையும் சிறியது. பாப்வா அப்போட்டிகளில் பன்முறை வாகை சூடினார். ஆயினும் அதற்கு மேல் செல்ல வழியில்லை. வழி திறந்தவர் கிரஹாம் உல்ஃப் என்ற வேதியியலறிஞர். முகத்தில் பூசும் 'ஆயில் ஆப் ஓலே' என்ற இளஞ்சிவப்புத் திரவத்தை டர்பனில் உருவாக்கியவர் அவரே. இன்று நம் நாட்டுக் கடைகளிலும் ஓலே என்ற பெயரில் பல பொருள்கள் விற்கப்படுவதை நேயர்கள் பார்த்திருக்கலாம். பீச்வுட்டில் ஆட வரும் உல்ஃப், தமக்குப் பை சுமக்கும் இளைஞன் தம்மினும் பன்மடங்கு சிறந்த ஆட்டக்காரன் என்பதைக் கண்டுகொண்டார். தம் தொழிற்சாலையில் வேலை கொடுத்தார். 1959-ஆம் ஆண்டில் தம் பொறுப்பில் ஐரோப்பாவுக்கும் அழைத்துச் சென்றார்.

அவ்வாண்டு டச்சு நாட்டின் திறந்தமுறைப் போட்டியில் பாப்வா வென்றார். இந்த வெற்றியின் அளவை உணர ஆட்டத்தின் முறையைச் சற்று அறிதல் வேண்டும். பதினெட்டுக் குழிகள் கொண்ட மைதானத்தை நான்கு முறை சுற்ற வேண்டும். எழுபத்திரண்டு குழிகளிலும் பந்தை வீழ்த்தக் குறைந்த அடிகளை எடுத்தவரே வெற்றியாளர். எதிரி என்று ஒருவன் முன்னே நிற்பதில்லை. காற்றும் புல்லும் தன் மனமுமே எதிரிகள். எழுதப் படிக்க அறியாத ஒருவர், மொழியும் தட்பவெப்பமும் அறியாத நாட்டில், பழக்கமில்லாத மைதானத்தில் அவ்வளவு நேரமும் மனம் தளராமல் ஆடியதுதான் பெரிது. அது தற்செயல் என்று கூறுவாரின் வாயை 1960-ஆம் ஆண்டு அடைத்தது. அதே போட்டியில் மீண்டும் வென்றார். 1964-ஆம் ஆண்டு மூன்றாம் முறையும் வென்றார். இடையில் 1963-ஆம் ஆண்டு, கோல்ப் உலகில் யாவரும் தலைமையாகக் கருதும் பிரிட்டிஷ் திறந்தமுறைப் போட்டியில் பதின்மூன்றாம் இடத்தில் நின்றார்.

ஐரோப்பாவில் மாலையிட்டு வரவேற்கப்பட்டவர், சொந்த ஊருக்குத் திரும்பியபோது என்ன கண்டார்? 1948-ஆம் ஆண்டில் ஆட்சிக்கு வந்த தேசியக் கட்சி, நிறவொதுக்கலை நாட்டின் சட்டமாகவே ஆக்கியிருந்தது. 1950-ஆம் ஆண்டின் குடியிருப்புப் பகுதிச் சட்டம், எந்த நிறத்தார் எந்த இடத்தில் வாழலாம், தொழில் செய்யலாம் என்று வரையறுத்தது. 1953-ஆம் ஆண்டில் வந்த மற்றொரு சட்டம் பூங்காவின் இருக்கையையும் கடற்கரை மணலையும்கூட நிறவாரியாகப் பிரித்தது. வெள்ளையரும் மற்றையோரும் விளையாட்டைத் தனித்தனியே நடத்திக்கொள்ள வேண்டும் என்பதே அரசின் கொள்கை என 1956-ஆம் ஆண்டு உள்துறை அமைச்சர் டோங்கெஸ் அறிவித்தார். இக்கொள்கைக்கு நடுவே, உலகம் அறிந்த ஓர் ஆட்டக்காரரை அடியோடு மறுப்பது அரசுக்குச் சங்கடமாயிற்று. ஆகவே சில போட்டிகளில் மட்டும் அனுமதி பெற்று ஆடலாம் என்று விட்டனர். அனுமதி புல்தரைக்கு மட்டுமே. உடை மாற்றவும் உணவு உண்ணவும் மன்றக் கட்டடத்துள் அவருக்கு இடமில்லை.

1963-ஆம் ஆண்டு ஜனவரியில் டர்பன் கன்ட்ரி கிளப் மைதானத்தில் நேட்டால் திறந்தமுறைப் போட்டி நடந்தது. நூற்றுக்கும் மேற்பட்ட வெள்ளை ஆட்டக்காரருக்கு நடுவே பாப்வா ஆடினார். சிறு வித்தியாசத்தில் வென்றார். பரிசளிப்பு வேளையில் மழை பிடித்துக்கொண்டது. தோற்றவர்கள் கட்டடத்துள் ஒதுங்கினர். வென்றவர் உள்ளே கால் வைத்தால் சட்டம் மீறப்படும்! எனவே வெளியே, மழையில் நின்றபடி கிண்ணத்தைப் பெற்றுக்கொண்டார்.

அந்தக் காட்சியின் புகைப்படம் பல நாட்டு நாளேடுகளில் வெளியாயிற்று. எழுபது ஆண்டுகளுக்கு முன், 1893-ஆம் ஆண்டில், இதே நேட்டால் மாகாணத்தின் பீட்டர்மாரிட்ஸ்பர்க் ரயில் நிலையத்தில் முதல் வகுப்புச் சீட்டுடன் பயணம் செய்த காந்தியடிகள் வண்டியிலிருந்து இறக்கிவிடப்பட்டார். அங்கே சீட்டு இருந்தும் இருக்கை இல்லை. இங்கே கிண்ணம் இருந்தும் கூரை இல்லை. சட்டப் புத்தகத்தின் நூறு பக்கங்கள் விளக்க முடியாததை அப்படம் ஒரு நொடியில் விளக்கிவிட்டது. தென்னாப்பிரிக்காவின் மீது 1946-ஆம் ஆண்டிலேயே வணிகத் தடை விதித்த நாடு இந்தியா. அன்று அதைப் பின்பற்ற மனமில்லாத மேலை நாடுகளில்கூட இப்போது விளையாட்டு ரசிகர்கள் கேள்வி கேட்கத் தொடங்கினர். 1964-ஆம் ஆண்டு டோக்கியோ ஒலிம்பிக்கில் தென்னாப்பிரிக்காவுக்கு இடம் மறுக்கப்பட்டது. ஒரு படத்தினால் மட்டும் அது நேர்ந்தது என்று சொல்லிவிட முடியாது. டென்னிஸ் புரூட்டஸ் போன்றோர் பல்லாண்டுகள் உழைத்ததன் பயன் அது. அவ்வுழைப்புக்குப் படம் துணை நின்றது.

பாப்வா மேடையேறிப் பேசுபவர் அல்லர். அவருடைய மறுமொழி மட்டையால் அளிக்கப்பட்டது. 1965-ஆம் ஆண்டு நேட்டால் போட்டியில் அவர் மீண்டும் வென்றார். இம்முறை அவருக்குப் பின்னால் நின்றவர் கேரி பிளேயர். பிளேயர் என்றால் யார் என்று கோல்ப் அறியாதவரும் தெரிந்துகொள்ள வேண்டும்: 1959-ஆம் ஆண்டு பிரிட்டிஷ் பட்டம், 1961-ஆம் ஆண்டு மாஸ்டர்ஸ் பட்டம், 1962-ஆம் ஆண்டு அமெரிக்கத் தொழில்முறைப் பட்டம் ஆகியவற்றை வென்ற தென்னாப்பிரிக்கர். அதே 1965-ஆம் ஆண்டில் அமெரிக்கத் திறந்தமுறைப் பட்டத்தையும் வென்று, நான்கு பெரும் பட்டங்களையும் பெற்ற சிலருள் ஒருவரானார். அத்தகையவரை அவருடைய நாட்டிலேயே, அவர் புகழின் உச்சியில், பை சுமந்து வளர்ந்த பாப்வா முந்தினார்.

ஒரு வியப்பு: இதே 1965-ஆம் ஆண்டில்தான் இந்தியத் திறந்தமுறைப் போட்டியில் முதன்முதலாக ஓர் இந்தியர், பி. ஜி. சேத்தி, கல்கத்தாவில் வென்றார். அவர் தொழில்முறை ஆட்டக்காரர் அல்லர். நம் நாட்டுத் தொழில்முறை ஆட்டக்காரர் ஒருவர் அப்பட்டத்தைப் பெற 1991-ஆம் ஆண்டு வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. தில்லி மைதானத்தில் பை சுமந்து வளர்ந்த அலி ஷேர் என்பவரே அவர்.

டர்பனுக்குத் திரும்புவோம். அவ்வாண்டு பிப்ரவரியில் அரசு மற்றோர் ஆணையைப் பிறப்பித்தது. வேற்று நிறத்தாரின் பகுதியில் நடக்கும் பொது நிகழ்ச்சிகளில் பார்வையாளராகக் கலந்துகொள்வதற்கும் இனி அனுமதி வேண்டும் என்றாயிற்று. முன்னர் பாப்வா ஆடியபோது, டர்பன் இந்தியர் திரளாக வந்து மைதானத்தின் ஓரங்களில் நின்று ஒவ்வோர் அடிக்கும் ஆரவாரித்தனர். அரசுக்கு உறுத்தியது அவர் ஆட்டம் மட்டுமன்று, அந்த ஆரவாரமும்தான் என்றே தோன்றுகிறது. விரைவில் பாப்வாவுக்கு வெள்ளையர் போட்டிகளின் கதவு அடைக்கப்பட்டது. கடவுச்சீட்டும் பறிக்கப்பட்டதால் வெளிநாடு செல்லும் வழியும் அடைந்தது.

ஓட்டக்காரனுக்கு உரிய பருவம் சில ஆண்டுகளே. கோல்ப் ஆட்டக்காரனுக்கோ முப்பத்தைந்து வயது என்பது கை பழுத்து நிற்கும் காலம். நாற்பதுக்கு மேலும் பட்டம் வென்றோர் உண்டு. பாப்வாவிடமிருந்து பறிக்கப்பட்டவை அந்த நடு ஆண்டுகளே. தேய்ந்த வயதில் ஓய்வு பெற்ற வீரருக்கு நேரும் வறுமை வேறு. ஆடும் வலிமை கையில் இருக்கும்போதே வருவாயை இழந்து வீட்டில் இருத்தல் வேறு. படிப்பில்லாத அவருக்குத் தெரிந்த தொழில் அது ஒன்றே.

காலம் மெல்ல மாறிற்று. 1970-ஆம் ஆண்டில் ஒலிம்பிக் இயக்கம் தென்னாப்பிரிக்காவை நீக்கியது. உலகத்தின் நெருக்குதலைத் தணிக்க எண்ணிய அரசு, 1971-ஆம் ஆண்டு லீ எல்டர் என்ற அமெரிக்கக் கறுப்பரை, கேரி பிளேயரின் அழைப்பின் பேரில், ஜோகன்னஸ்பர்க்கில் ஆட அனுமதித்தது. அயல்நாட்டுக் கறுப்பருக்கு நாடு கதவைத் திறந்த அந்நாளில், அதே நாட்டில் பிறந்த பாப்வா நாற்பதைக் கடந்திருந்தார். 1976-ஆம் ஆண்டு வின்சென்ட் ஷபலாலா என்ற தென்னாப்பிரிக்கக் கறுப்பர் பிரெஞ்சுத் திறந்தமுறைப் போட்டியில் வென்றார். அவருக்கும் பாதை போட்டவர் பாப்வா என்று கூறுதல் மிகையாகாது.

1978-ஆம் ஆண்டு ஜூலை மாதம், ஐம்பது வயது நிறையுமுன்பே, பாப்வா மாரடைப்பால் காலமானார். கையில் பொருள் ஏதும் மிஞ்சியிருக்கவில்லை.

நிறவொதுக்கல் ஆட்சி 1994-ஆம் ஆண்டுத் தேர்தலோடு மறைந்தது. பிற்காலத்தில் நீதிபதியான கிறிஸ்டோபர் நிக்கல்சன் என்பவர் அவர் வாழ்க்கையை நூலாக எழுதி 2005-ஆம் ஆண்டில் வெளியிட்டார். 2015-ஆம் ஆண்டு மாக்சின் கேஸ் என்னும் எழுத்தாளர் மற்றொரு நூல் எழுதினார். டர்பன் நகரில், அவர் சிறுவனாய்த் திரிந்த அதே உம்கெனி ஆற்றின் கரையில், ரெசர்வாயர் ஹில்ஸ் பகுதியிலுள்ள நகராட்சிக் கோல்ப் மைதானத்துக்குப் பாப்வா செவ்கோலத்தின் பெயர் இடப்பட்டுள்ளது. தமிழ்க் குடும்பங்கள் பல வாழும் பகுதி அது.